வெட்டினது நாங்கள் இல்லை

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்கட்கு,

வணக்கம். சென்ற ஞாயிறு உங்கள் வாரமலரில் பழைய பேய்ப்படங்களைப் பற்றி ஒரு முழுப் பக்கம் வந்திருந்தது. எழுதினவர் இளம் பிள்ளை போலத் தெரிகிறது. தேடி வாசித்து எழுதியிருக்கிறார், சந்தோஷம். ஆனால் அந்தப் பக்கத்தை என்னால் ஒரே இருப்பில் வாசித்து முடிக்க ஏலவில்லை. இரண்டு தரம் பேப்பரை மடித்துக் கதிரையில் போட்டுவிட்டு முற்றத்தில் போய் நின்றேன். "என்னப்பா, பிரஷர் ஏறிப்போச்சோ?" என்று மனுசி குசினிக்குள் இருந்து கேட்டாள்.

முதலாவது தரம் எழும்பினதற்குக் காரணம் இது. 1958ஆம் ஆண்டு வந்த 'டிராகுலா' படத்துக்கு அரைப் பக்கம் ஒதுக்கினவர், அதை எடுத்த இயக்குநரின் பெயரை ஒரு இடத்திலும் சொல்லவில்லை. தொடக்கம் முதல் கடைசி வரை அது டிராகுலாவாக நடித்த கிறிஸ்தோபர் லீயின் படம். ரெறன்ஸ் ஃபிஷர் என்று ஒரு மனிதர் இருந்ததே தெரியாத மாதிரி எழுதியிருக்கிறார்.

இரண்டாவதுதான் என்னைப் பேனை எடுக்க வைத்தது. முடிவில் டிராகுலா அழிகிற காட்சியின் சில துண்டுகள் யாழ்ப்பாணத்துச் சனத்துக்குக் காட்டப்படவில்லையாம். தியேட்டர் ஒப்பறேற்றர்மார் வெட்டி எடுத்து வைத்துக்கொண்டார்களாம். யாரோ பெரியவர் சொன்னாராம். அந்த ஒப்பறேற்றர்மாரில் நானும் ஒருவன். எனக்கு இப்போது எண்பது வயது. இந்தப் பழியை முதன்முதல் கேட்டபோது இருபத்திரண்டு.

நான் டிராகுலாவை முதலில் பார்த்தது 1960இல், ரீகல் தியேட்டரில், பார்க்க வந்தவனாக. ஆங்கிலப் படமென்றால் எங்களுக்கு அந்த நாளில் ரீகல்தான். கச்சேரியில் கிளறிக்கல் வேலை பார்த்த ஒன்றுவிட்ட அண்ணர் சம்பளம் எடுத்த கையோடு கூட்டிக்கொண்டு போனார். அவருடைய றலி சைக்கிளின் முன்பாரில் குந்திக்கொண்டு கொக்குவிலில் இருந்து போனேன். வீட்டில் சொன்னது கோயிலில் மேளக்கச்சேரி என்று.

படம் ஒரு கல் கழுகோடு தொடங்கும். அதிலிருந்து கமெரா மெல்ல நகர்ந்து நிலவறைக்குள் போய் ஒரு கல்லுப் பெட்டிக்கு முன்னால் நிற்கும். பெட்டியில் பெயர் பொறித்திருக்கும். அந்தப் பெயரின்மேல் சொட்டுச் சொட்டாக ரத்தம் விழும். எங்கேயிருந்து விழுகிறது, யாருடைய ரத்தம் என்று படம் முடியும்வரை ஒரு விளக்கமும் கிடையாது. கறுப்பு வெள்ளையில் பேய் பார்த்துப் பழகின சனம் நாங்கள். அந்தச் சிவப்பைக் கண்டதும் கலரியில் வெற்றிலை சப்புகிற சத்தமும் நின்றுபோனது. ஜேம்ஸ் பேர்னாட் என்பவரின் இசையில் திரும்பத் திரும்ப மூன்று அடி வரும்: டிரா - கு - லா. பெயரைச் சொல்லி வாத்தியமே கூப்பிடுகிற மாதிரி இருக்கும்.

பிறகு லீ வருகிற இடம். படிக்கட்டின் உச்சியில் ஒரு கரிய உருவம். கலரி கத்தியது. உருவம் விறுவிறென்று படி இறங்கி வெளிச்சத்துக்கு வந்தால், லண்டனில் படித்துவிட்டு வந்த அப்புக்காத்து மாதிரி ஒரு கண்ணியமான ஆள். வந்தவரை வரவேற்று, அவருடைய பெட்டியையும் தானே தூக்கிக்கொண்டு மாடிக்குப் போகிறார். எல்லாரும் சிரித்துவிட்டோம். அண்ணர் என் காதுக்குள், "உவரோ பேய்? உவரிட்டை நான் காணி உறுதியையே நம்பிக் குடுப்பன்" என்றார். கொஞ்ச நேரத்தால் அதே மனிதர் கண் சிவந்து, வாயெல்லாம் ரத்தமாகக் கதவடியில் தோன்றியபோது அண்ணரின் கை என் தோள்மூட்டை நெரித்தது. காணிக் கதை அதோடு சரி.

எங்கள் ஊர்ப் பேய்களுக்கு இடமும் நேரமும் உண்டு. முனி புளியமரத்தில், கொத்தி பிள்ளைப்பெற்ற வீட்டுக் கோடியில், உச்சிப்பொழுதில் சுடலைப் பக்கம் போகப்படாது. இந்த வரம்புக்குள் நின்றால் தப்பலாம். மரியாதையாகக் கதைத்து, வீட்டுக்குள்ளே கூப்பிட்டுச் சாப்பாடும் வைக்கிற பேயை நாங்கள் அறியவில்லை. கெட்டது வடிவாக வரும், நல்ல பழக்கவழக்கத்தோடு வரும் என்பதை ஃபிஷர் தன் படங்கள் முழுக்கக் காட்டிக்கொண்டே இருந்தார். அதே படத்தில் மீனா என்ற குடும்பப் பெண், டிராகுலாவிடம் போய்விட்டு விடியப்புறம் வீடு திரும்புகிற இடம் ஒன்று உண்டு. கழுத்தை மறைத்த ரோமக் கொலரோடு உள்ளே வந்து ஒரு சிரிப்புச் சிரிப்பாள். புருஷனுக்கு விளங்காது. எங்கள் ஒழுங்கையில் இருந்த எந்தக் கிழவியும் அதை ஒரு நொடியில் கண்டுபிடித்திருப்பாள்.

1963இல் நான் ஒரு தியேட்டரில் ரீவைண்ட் பொடியனாகச் சேர்ந்தேன். எந்தத் தியேட்டர் என்பது வேண்டாம். அந்தக் கட்டடமே இன்றைக்கு இல்லை. ஓடி முடிந்த ரீலைக் கையால் சுற்றித் திருப்புவது, மெஷினின் வெளிச்சத்துக்கு எரிகிற காபன் குச்சி எடுத்துக் கொடுப்பது, தேத்தண்ணி வாங்கி வருவது என் வேலை. ஒப்பறேற்றரை நாங்கள் பெரியண்ணை என்போம். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவர். ஆனால் ஒரு படத்தைக் கணக்கெடுப்பதில் அவரை வெல்ல ஆளில்லை. திரையைப் பார்ப்பது குறைவு. சுடர் மங்காமல் காபனைத் தள்ளிக்கொண்டு, ரீல் முடிகிற நேரம் வலது மேல் மூலையில் வருகிற புள்ளிக்கு மட்டும் தலையை நிமிர்த்தி அடுத்த மெஷினுக்கு மாற்றுவார். மிச்சப் படத்தையெல்லாம் காதாலேயே பார்த்துவிடுவார்.

1966இல் டிராகுலா எங்களிடம் வந்தது, இரண்டாம் சுற்றாக. கீறல் விழுந்த பழைய பிறின்ற், அதாவது படப்பிரதி, தகரப் பெட்டிகளில். 82 நிமிடப் படம். அன்றைக்கு மட்டும் பெரியண்ணை கண்ணாடி ஓட்டைக்குள்ளால் திரையையே பார்த்துக்கொண்டு நின்றார்.

முடிவுக் காட்சி பார்த்தவர்களுக்கு மறக்காது. டிராகுலாவை வேட்டையாடுகிற வான் ஹெல்சிங்காக வருகிற பீற்றர் குஷிங்கின் கழுத்தை டிராகுலா நெரிக்கிறார். குஷிங் மயங்கினமாதிரிக் கிடந்து, திமிறி எழும்பி, நீண்ட மேசையின்மேல் ஏறி ஓடிப் பாய்ந்து யன்னல் சீலையைப் பிடுங்கி விழுத்துகிறார். வெயில் உள்ளே அடிக்கிறது. வெயில் பட்ட கால் சாம்பலாகிறது. இரண்டு மெழுகுதிரித் தண்டுகளைக் குறுக்கே பிடித்துச் சிலுவையாக்கி மிச்ச உடம்பையும் வெயிலுக்குள் தள்ளுகிறார். கடைசியில் ஒரு சாம்பல் குவியலும் மோதிரமும். காற்று வந்து சாம்பலை அள்ளிக்கொண்டு போகும். அந்தப் பாய்ச்சலும் மெழுகுதிரித் தண்டு யோசனையும் குஷிங் சொல்லி வந்தவை. நடிகன் சொன்னதைக் கேட்டு நல்லதை எடுத்துக்கொள்வதும் இயக்குநரின் வேலைதான். பிராம் ஸ்ரோக்கரின் நாவலில் டிராகுலா வெயிலில் சாவதில்லை, கத்தியால் சாகிறார். வெயிலைச் சினிமாவுக்குக் கொண்டுவந்தது 1922இல் ஜேர்மனியில் முர்னோ எடுத்த மௌனப்படம். (உச்சிவெயிலில் பேய் அடிக்கிற ஊர்க்காரருக்கு இது கொஞ்சம் வேடிக்கைதான். வெயிலில் கரைகிற பேய் யாழ்ப்பாணத்தில் ஒரு பகல் தாங்காது.)

காட்சி முடிந்ததும் பெரியண்ணை திரும்பி, "தம்பி, உதை எடுத்தவன் வெட்டுமேசையிலை இருந்து எழும்பி வந்தவன். பார், ஒரு வெட்டும் பிந்தேல்லை" என்றார். நான் ஓம் என்று தலையாட்டினேன். எனக்கு அப்போது ஒன்றும் விளங்கவில்லை.

வில்லங்கம் அடுத்த நாள் வந்தது. யாரோ ஒருவர் வெளிநாட்டுச் சினிமாச் சஞ்சிகை ஒன்றைக் கலரிக்குள் கொண்டுவந்துவிட்டார். அதில் லீயின் முகத்தோல் உரிந்து தொங்குகிற போட்டோ. அப்படி ஒரு கோலம் எங்கள் திரையில் வரவில்லை. விசில் கிளம்பியது. "டேய் ஒப்பறேற்றர், வெட்டினதை ஒட்டடா!" ஒரு வாங்கில் உடைந்தது. முதலாளி மெஷின் அறைக்கு ஏறிவந்து, எங்கள் எல்லாருக்கும் முன்னால், "எங்கை வைச்சிருக்கிறாய்?" என்று பெரியண்ணையைக் கேட்டார். கேட்டதோடு விட்டிருக்கலாம். சேட்டுப் பொக்கற்றையும் தடவிப் பார்த்தார்.

பெரியண்ணை வாய் திறக்கவில்லை. சனம் போனபிறகு கடைசி ரீலை ரீவைண்ட் மேசையில் போட்டு, அந்த இடத்தைப் பல்புக்கு எதிரே பிடித்து என்னைக் கூப்பிட்டார். "நகத்தாலை தடவு."

இதைக் கொஞ்சம் விளக்கவேண்டும், ஏனென்றால் இன்றைக்கு ஃபிலிமைக் கையில் தொட்ட ஆட்கள் குறைவு. 35 மில்லிமீற்றர் ஃபிலிம் விநாடிக்கு 24 கட்டம் ஓடும். ஒரு அடிக்கு 16 கட்டம். இரண்டு விநாடியைக் களவெடுக்க வேண்டுமென்றால் மூன்றடி ஃபிலிம் வெட்ட வேண்டும். வெட்டினால் ஒட்டவேண்டும்: ஒரு முனையின் பூச்சைச் சுரண்டி, சிமென்ற் தடவி, மற்ற முனையை மேலே ஏற்றி அழுத்தவேண்டும். அந்த இடம் தடித்திருக்கும். நகத்தால் தடவினால் தட்டுப்படும். மெஷினுக்குள் போகும்போது 'டக்' என்று ஒரு சத்தம் போடும். இன்னொன்றும் உண்டு. ஃபிலிமின் ஓரத்தில் ஓடுகிற ஒலிக்கோடு, அதற்குரிய படத்துக்கு ஏறத்தாழ இருபது கட்டம் தள்ளித்தான் அச்சாகியிருக்கும். ஆகவே பிறின்றில் யாராவது கத்தி வைத்தால் படம் ஒரு இடத்தில் பாயும், இசை வேறொரு இடத்தில் தடக்கும். எந்தக் கெட்டிக்காரனாலும் இதை மறைக்க ஏலாது.

எங்கள் பிறின்றில் அந்த இடம் வழுவழுவென்று இருந்தது. முன்னுக்கும் பின்னுக்கும் பத்தடி தடவினேன். ஒட்டு இல்லை. இசையும் தடக்கவில்லை. "விளங்குதே? அச்சடிக்க முன்னமே வெட்டுப்பட்டு வந்திருக்கு. உது சீமையிலை வெட்டினது" என்றார். "முதலாளிக்குக் காட்டுவமே அண்ணை?" என்று கேட்டேன். "அவருக்கு நகத்தாலை படம் பாக்கத் தெரியுமே?" என்று சொல்லிப் பெட்டியை மூடினார்.

அதற்குப் பிறகுதான் இந்தப் படத்தை எடுத்தவர் யாரென்று தேடத் தொடங்கினேன். கொழும்பில் இருந்து வருகிற சஞ்சிகை, பிறகு லண்டனுக்குப் போன மகன் அனுப்பின புத்தகங்கள் என்று நாற்பது வருடத்தில் துண்டு துண்டாகச் சேர்ந்த விஷயம் இது.

ஃபிஷர் 1904 பெப்ரவரி 23ஆம் திகதி லண்டனில் பிறந்தவர். சின்ன வயதிலேயே தகப்பன் போய்விட்டார். வளர்த்தது வீட்டு மூத்தவர்கள். கொன்வே என்ற பயிற்சிக் கப்பலில் சேர்ந்து, வணிகக் கப்பல்களில் சில வருடம் ஓடினார். கடல் ஒத்துவரவில்லை. கரையேறித் துணிக்கடைத் தொழிலுக்குப் போனார். முப்பதைத் தொடுகிற வயதில்தான் ஸ்ரூடியோவுக்குள் கால் வைத்தார், அதுவும் கிளாப் பலகை அடிக்கிற பொடியனாக. தன்னைவிட வயதுபோன கிளாப் பொடியன் அந்தத் தொழிலிலேயே இல்லையென்று பின்னாளில் பகிடியாகச் சொல்வாராம். அங்கேயிருந்து போனது எங்கே? வெட்டுமேசைக்கு. 1936இல் இருந்து பத்து வருடத்துக்கு மேல் எடிற்றர். 1945இல் வந்து இங்கிலாந்தில் சக்கைபோடு போட்ட 'த விக்கெட் லேடி'யை வெட்டி ஒட்டினது இவர்தான். இதை வாசித்த அன்று பெரியண்ணையின் வீட்டுக்குச் சைக்கிளை மிதித்தேன். "நான் அண்டைக்கே சொன்னனான்" என்று ஒரு சொல். அவ்வளவுதான்.

இயக்குநரானது 1948இல், 44 வயதில். தொடக்கத்தில் கிடைத்ததையெல்லாம் எடுத்தார். அவற்றில் பல படங்களைப் பார்க்காவிட்டாலும் ஒருவருக்கும் குறைவில்லை. ஒன்றை மட்டும் சொல்லவேண்டும்: 1950இல் இன்னொருவரோடு சேர்ந்து இயக்கிய 'சோ லோங் அற் த ஃபெயர்'. 1889 பாரிஸ் பொருட்காட்சி பார்க்க வந்த அண்ணனும் தங்கையும் ஹோட்டலில் தங்குகிறார்கள். விடிய எழும்பினால் அண்ணன் இல்லை. அவர் தங்கின அறையே இல்லை. அப்படி ஒருவர் வரவேயில்லை என்று ஹோட்டல்காரர் சாதிக்கிறார்கள். பேயும் இல்லை, ரத்தமும் இல்லை, ஆனால் பின்னாளில் செய்யப்போகிறதெல்லாம் இதிலேயே இருக்கிறது.

1956இல் ஹாமர் என்ற சின்னக் கம்பனி ஃபிராங்கன்ஸ்ரைன் கதையைக் கலரில் எடுக்க நினைத்தது. ஒப்பந்தப்படி ஃபிஷருக்கு அவர்கள் ஒரு படம் தரவேண்டியிருந்தது, அந்த முறைக்கு வந்தது இது. அவருக்கு ஐம்பத்திரண்டு வயது. எங்கள் ஊரில் அந்த வயதில் அரச உத்தியோகத்தர் பென்சன் கணக்குப் பார்ப்பார். செலவு ஏறத்தாழ 65,000 பவுண். பழைய ஃபிராங்கன்ஸ்ரைன் படத்தை வைத்திருந்த அமெரிக்கக் கம்பனி, தங்கள் பூதத்தின் முகத்தைப் போல் இருந்தால் வழக்கு என்று சொன்னதால் ஒப்பனைக்காரர் ஃபில் லீக்கி வேறு முகம் தேடவேண்டி வந்தது. தேம்ஸ் கரையில் பிறே என்ற இடத்தில் ஒரு பழைய பெரிய வீடுதான் ஸ்ரூடியோ. கலை இயக்குநர் பேர்னாட் றொபின்சன் அதே தூணையும் அதே படிக்கட்டையும் படத்துக்குப் படம் மாற்றி அடுக்கிப் புது மாளிகை ஆக்குவார். ஒளிப்பதிவாளர் ஜாக் அஷர் மூலையில் ஊதாவும் பச்சையுமாக வெளிச்சம் போட்டுக் குறைச்சலை மறைப்பார். கலியாண வீட்டுப் பந்தல்காரர் மாதிரி, கையில் இருந்த சீலையால் அரண்மனை கட்டினார்கள். 1957இல் படம் வந்ததும் லண்டன் 'ஒப்சேவர்' பத்திரிகையின் விமர்சகி லெஜுன் அம்மையார், தான் பார்த்த மிக அருவருப்பான ஐந்தாறு படங்களில் இதுவும் ஒன்றென்று எழுதினார். சனம் வரிசையில் நின்றது.

அடுத்த வருடம் டிராகுலா. 1959இல் மட்டும் மம்மி, பாஸ்கர்வில் வேட்டைநாய், இன்னும் சில. தொழிலாளி மாதிரி வேலை செய்தார். எல்லாம் நல்லதென்று நான் சொல்லமாட்டேன். பம்பாய்க் கழுத்துநெரிகாரரைப் பற்றி அந்த வருடம் எடுத்த படத்தை என்னால் இன்றைக்கும் மன்னிக்க ஏலாது. பிறேயில் காளி கோயில் கட்டி, வெள்ளைக்காரருக்கு மை பூசி இந்தியராக்கினார்கள். காளி பூசாரியாக வந்தவர் சைப்பிரஸ்காரர். அதைப் பார்த்த எங்கள் பெரியம்மா இருந்த கதிரையிலேயே காளியிடம் மன்னிப்புக் கேட்டார்.

ஆனால் 1968இல் வந்த 'த டெவில் றைட்ஸ் அவுட்' எங்கள் சனத்துக்கு விளக்கம் தேவைப்படாத படம். லீ அதில் நல்லவர். சாத்தானைக் கும்பிடுகிற கூட்டத்திடம் இருந்து ஒரு பொடியனைக் காப்பாற்ற, நிலத்தில் வட்டம் கீறி, விடியும்வரை நாலு பேர் அதற்குள் இருப்பார்கள். வெளியில் இருந்து தெரிந்த குரலில் கூப்பிடும். வெளிக்கிட்டால் முடிந்தது. கழிப்புக் கழித்த வீட்டில் ஒரு இரவு இருந்தவர்களுக்கு இந்தக் காட்சியின் நெஞ்சிடி தெரியும்.

அதே 1968இல் அவருடைய நேரத்தைப் பாருங்கள். காரில் அடிபட்டுக் கால் முறிந்தது. அவர் எடுக்கவேண்டிய அடுத்த டிராகுலா படம் ஃபிரெடி ஃபிரான்சிஸ் என்பவரின் கைக்குப் போனது. ஏற்றுமதியால் நாட்டுக்குப் பணம் உழைத்துக் கொடுத்ததற்காக ஹாமருக்கு மகாராணியின் கைத்தொழில் விருது கிடைத்ததும் அந்த வருடந்தான். விருது கொடுத்தது அதே படத்தின் செற்றில் வைத்து. கம்பனியைத் தூக்கி நிறுத்தினவர் காலைத் தூக்கிக் கட்டிக்கொண்டு படுத்திருந்தார்.

அடுத்த வருடம் எழும்பி வந்து எடுத்ததுதான் என் கணக்கில் அவருடைய உச்சம்: 'ஃபிராங்கன்ஸ்ரைன் மஸ்ற் பி டிஸ்ட்ரோய்ட்'. அதில் கம்பனி முதலாளி பிடிவாதமாக நுழைத்த பலாத்காரக் காட்சி ஒன்று இருக்கிறது. ஃபிஷருக்கும் குஷிங்குக்கும் நடிகைக்கும் அது விருப்பமில்லை, படத்திலும் அது ஒட்டாமல்தான் நிற்கிறது. அதை விடுங்கள். ஒருவரின் மூளை இன்னொருவரின் உடம்பில் வைக்கப்பட்டிருக்கிறது. அவர் தன் வீட்டுக்குத் திரும்பி வருகிறார். மனைவிக்கு முகம் தெரியாது. மறைப்புக்குப் பின்னால் இருந்துகொண்டு, நான்தான் உன் புருஷன் என்று சொல்லி விளங்கவைக்கப் பார்க்கிறார். வருடக்கணக்காகக் காணாமல் இருந்து திரும்பி வந்த பிள்ளையைப் படலையடியில் வைத்து, "ஆர் தம்பி, ஆரைத் தேடுறியள்?" என்று தாய் கேட்ட ஒரு வீட்டை நான் அறிவேன். அந்தக் காட்சியைப் பேய்ப்படம் என்று சொல்லி ஒதுக்க எனக்கு மனம் வராது.

கடைசிப் படத்தை 1972இல் எடுத்தார், 1974இல்தான் வெளியில் வந்தது. 1980 ஜூன் 18ஆம் திகதி, 76ஆவது வயதில் காலமானார்.

இனி அந்த மூன்றடிக்கு வருகிறேன். முகம் உரிகிற இடத்தை வெட்டச் சொன்னது பிரித்தானியத் தணிக்கைச் சபை. யப்பானுக்குப் போன பிறின்றில் மட்டும் அது தப்பியிருந்தது. அந்தப் பிறின்ற் தோக்கியோவில் தேசியத் திரைப்பட நிலையத்தில் இருந்தது. 1984இல் அங்கே தீப்பிடித்தது. ஒன்பது ரீலில் முதல் ஐந்தும் போய்விட்டன. ஆறில் இருந்து ஒன்பது வரை, தண்ணீரும் சூடும் பட்டு, பழுதாகி, ஆனால் மிஞ்சின. 2011இல் அங்கே தேடிப்போன ஒருவர் அவற்றைக் கண்டுபிடித்தார். 1981இல் எங்கள் நூலகம் எரிந்த மறுநாள் காலை, இன்னும் சூடு ஆறாத சாம்பலுக்குள் பாதி எரிந்த ஒற்றைகளைக் கிளறிக்கொண்டு நின்றவர்களில் நானும் ஒருவன். நாலு ரீல் மிஞ்சியது என்று வாசித்தபோது எனக்கு யப்பான்காரர்மேல் பொறாமையாகக்கூட இருந்தது.

அந்தத் துண்டுகளைச் சேர்த்துச் சீர்செய்த படம் 2013இல் இங்கிலாந்தில் டிஸ்க்காக வந்தது. மகன் அடுத்த வருடம் நல்லூர்த் திருவிழாவுக்கு வரும்போது மடிக்கணினியோடு கொண்டுவந்தான். வீட்டில் மச்சம் காய்ச்சாத நாட்கள். "கொடியேறியிருக்கிற நேரம் ரத்தக்காட்டேரி படமோ?" என்று மனுசி கத்தினாள். தேர் முடியும்வரை பொறுக்க எனக்கு ஏலவில்லை. அறைக் கதவைச் சாத்திவிட்டுப் பார்த்தேன்.

இருக்கிறது. லீ வெயிலுக்குள் கிடந்து தன் முகத்தைத் தன் கையாலேயே இழுக்கிறார், தோல் விரலோடு கழன்று வருகிறது. சில விநாடிதான். மகனிடம் சொல்லித் திரும்பத் திரும்ப ஓடவிட்டேன். 1966இல் சஞ்சிகையில் பார்த்த அதே கோலம். அதற்கு முன்னும் பின்னும் வருகிற காட்சிகள் எங்கள் பிறின்றில் எப்படி ஓடினவென்று எனக்குக் கட்டம் கட்டமாகத் தெரியும். எங்கே எடுத்தார்கள் என்று கையை வைத்துக் காட்டினேன். மனுசி கதவைத் திறந்து எட்டிப் பார்த்துவிட்டு, "உதுக்கோ அந்த மனுசன்ரை பொக்கற்றைத் தடவினவை?" என்று கேட்டாள். பெரியண்ணை 1995 இடப்பெயர்வில் தென்மராட்சிக்குப் போன இடத்தில் போய்ச் சேர்ந்துவிட்டார். முதலாளி அதற்கு முன்னமே.

ஆகவே ஆசிரியர் அவர்களே, உங்கள் கட்டுரையாளருக்கு இதை அறியத்தாருங்கள். அவருக்கு விருப்பமென்றால் வீட்டுக்கு வரலாம். டிஸ்க் இருக்கிறது, பழைய சிமென்ற் போத்தல் ஒன்றும், ஒட்டுப் போட்ட ஃபிலிம் துண்டு ஒன்றும் வைத்திருக்கிறேன், நகத்தால் தடவிப் பார்க்கட்டும். கடிதம் நீண்டுவிட்டது, சுருக்கித்தான் போடுவீர்களென்று தெரியும். ஃபிஷர் கப்பலில் போனதையும், எங்கள் பெரியம்மாவையும், வேண்டுமென்றால் நல்லூர்த் திருவிழாவையும் வெட்டுங்கள். ஒட்டு இல்லை என்று சொல்கிற பந்தியில் மட்டும் கத்தரிக்கோல் வைக்கவேண்டாம்.

இப்படிக்கு,
முன்னாள் ஒப்பறேற்றர் ஒருவன்,
கொக்குவில்.

பி.கு.: கட்டுரைக்கு மேலே 'கிறிஸ்தோபர் லீ' என்று எழுதிப் பெரிதாகப் போட்டிருக்கிற படத்தில் இருப்பவர் பேலா லுகோசி. அது 1931இல் ரொட் பிறவுணிங் எடுத்த டிராகுலா. அவரும் இயக்குநர்தான்.